பொதியோடு சேர்ந்து வரும் களை: பார்த்தீனியத்திடமிருந்து வளவு மண்ணைக் காப்பது எப்படி?

நீங்கள் ஊருக்குத் திரும்பும் நாளில் லொறியில் ஏற்றுவதற்குப் பெரிதாக ஒன்றும் இருக்காது. தறப்பாள், பாய், சட்டி பானை, ஒரு மண்வெட்டி, இரண்டு கோழி, சிலவேளை ஓர் ஆடு. கூடாரத்துக்குப் பக்கத்தில் வளர்த்த மிளகாய்க் கன்றையும் கறிவேப்பிலைக் கன்றையும் விட்டுவர மனமில்லாமல் பால்மாப் பேணியிலோ பொலித்தீன் பையிலோ மண்ணோடு பெயர்த்து வைத்திருப்பீர்கள். கையால் நட்டுத் தண்ணீர் ஊற்றியதை யார்தான் விட்டுவிட்டு வருவார்கள்? இந்தக் கட்டுரை அந்தப் பைக்குள் இருக்கும் மண்ணைப் பற்றியது.

வவுனியாவிலும் யாழ்ப்பாணத்திலும் வீதியோரம், வெறுங்காணி, கைவிட்ட தோட்டம் என்று பல இடங்களில் வெள்ளைப் பூவோடு நிற்கும் ஒரு செடியை நீங்கள் கண்டிருப்பீர்கள். அதன் பெயர் பார்த்தீனியம். பாத்தீனியம் என்றும் சொல்வார்கள். உங்கள் கிராமத்தில் இப்போது அது இல்லாமல் இருக்கலாம். பத்து, பதினைந்து வருடம் ஆள் நடமாட்டம் குறைந்திருந்த காணிகளில் நாயுருவியும் ஈச்சம் பற்றையும் மண்டியிருக்கும். ஆனால் பார்த்தீனியம் பெரும்பாலும் வாகனத்தோடும் மனிதரோடும்தான் ஓர் ஊருக்குள் வருகிறது. இப்போது வாகனமும் மனிதரும் வருகிற காலம்.

செடியை அடையாளம் காணுங்கள்

முளைத்துச் சில நாட்களில் அது நிலத்தோடு ஒட்டி, வட்டமாக இலை விரித்துக் கிடக்கும். இலை கரட் இலை போலவும் செவ்வந்தி இலை போலவும் ஆழமாகப் பிளவுபட்டிருக்கும். தொட்டால் மெல்லிய மயிர் தெரியும். பிறகு நடுவிலிருந்து ஒரு தண்டு எழும்பும். தண்டில் நீளவாக்கில் வரிகள் ஓடும். மூன்று நான்கு அடி வரை வளர்ந்து மேலே பல கிளைகளாகப் பிரியும். நுனிகளில் மிளகின் பருமனுக்குச் சிறிய வெள்ளைப் பூக்கள் கொத்துக் கொத்தாக வரும். உற்றுப் பார்த்தால் ஒவ்வொரு பூவும் ஐந்து மூலை உள்ளதாகத் தெரியும்.

பார்க்க அழகான செடிதான். அதுதான் சிக்கல். ஒரு கிராமத்தில் வீட்டு முற்றத்தில் அதைப் பாத்தி கட்டி வளர்த்திருந்த ஓர் அம்மா, "பிள்ளை, இது கூடாத செடி எண்டு ஒருத்தரும் சொல்லேல்லையே. வெள்ளைப் பூ எண்டு சாமிக்கும் வைச்சனான்" என்றார். அவரைக் குறை சொல்ல எனக்கு வாய் வரவில்லை. நானும் கலைப் பட்டதாரிதான். இந்த வேலைக்கு வந்து, விவசாயப் போதனாசிரியர் ஒருவர் வீதியோரத்தில் இருந்து பிடுங்கிக் காட்டும்வரை எனக்கும் அது ஒரு காட்டுப்பூச் செடி மட்டுமே.

எங்கிருந்து வந்தது

மெக்சிக்கோ வளைகுடாவைச் சுற்றிய அமெரிக்க நாடுகள்தான் இதன் சொந்த இடம். இந்தியாவில் 1955இல் புனே நகரில் இது கவனிக்கப்பட்டது. வெளிநாட்டிலிருந்து இறக்கிய தானியத்தோடு கலந்து வந்ததென்று சொல்லப்படுகிறது. இலங்கையில் 1999இல் வவுனியாவில் பதிவானது. 1987இல் வந்த இந்திய அமைதிப் படையினருக்கு இறைச்சிக்காகக் கொண்டுவரப்பட்ட ஆடுகளோடு இதன் விதையும் வந்தது என்பது பலரும் நம்பும் கதை. இந்தியாவிலிருந்து வந்த வெங்காய, மிளகாய் விதைகளோடு வந்தது என்பாரும் உண்டு. எது உண்மையாக இருந்தாலும், வேறொன்றோடு ஒட்டிக்கொண்டு தெரியாமல் வந்து சேர்வதே இதன் வழக்கம். 1999ஆம் ஆண்டின் 35ஆம் இலக்கத் தாவரப் பாதுகாப்புச் சட்டத்தின் கீழ் இது தீங்கான களையாக அறிவிக்கப்பட்டுள்ளது. ஆகவே அழகுக்காகவும் இதை வளர்க்கக்கூடாது.

மண்ணுக்கும் உடம்புக்கும் என்ன செய்யும்

எல்லாக் களையும் பயிருக்குரிய தண்ணீரையும் பசளையையும் பங்கு போடும். பார்த்தீனியம் அதற்கு மேலும் ஒன்று செய்கிறது. அதன் வேர், தண்டு, இலை எல்லாவற்றிலும் பக்கத்துச் செடிகளை வளரவிடாத இரசாயனப் பொருட்கள் உண்டு. மழை பெய்யும்போது இலையிலிருந்து கழுவப்பட்டும், காய்ந்த இலை மண்ணில் உக்கும்போதும் அவை மண்ணுக்குள் இறங்குகின்றன. அந்த மண்ணில் போட்ட விதை சரியாக முளைக்காது. முளைத்தாலும் கன்று கறங்கிப்போய் நிற்கும். பயறு, கௌபி போன்றவற்றின் வேரில் உண்டாகும் முடிச்சுகள் குறைந்துவிடும். மண்ணுக்குத் தழைச்சத்தைச் சேர்ப்பவை அந்த முடிச்சுகள்தான். கத்தரி, தக்காளி, போஞ்சிப் பூக்களில் பார்த்தீனியத்தின் மகரந்தம் படிந்தால் காய் பிடிப்பதும் குறையும். செடி நன்றாகத்தான் நிற்கிறது, பூவும் பூக்கிறது, காயைக் காணவில்லை என்று சொல்பவர்கள் வேலிக்கு அப்பால் என்ன நிற்கிறது என்று ஒருமுறை எட்டிப் பார்க்க வேண்டும்.

மாடும் ஆடும் இதைத் தின்றால் பாலில் கசப்பு ஏறும். அதிகமாகத் தின்றால் கால்நடைக்கு நோய் வரும், சாகவும் கூடும்.

மனிதருக்கு வருவது தோல் அழற்சியும் இழுப்பும். எல்லோருக்கும் வராது, முதல் நாளிலேயே வராது என்பதால் ஆட்கள் ஏமாந்து போகிறார்கள். பல மாதம், சிலருக்குப் பல வருடம் தொட்டுப் பழகிய பிறகு ஒருநாள் கை, கழுத்து, கண் இமை எல்லாம் சிவந்து கடிக்கத் தொடங்கும். அப்படி ஒருமுறை உடம்பு ஏற்காமல் போனால் அதன்பின் சிறிதளவு பட்டாலே திரும்ப வரும். மகரந்தத்தால் தும்மலும் மூக்கால் ஓடுவதும் ஏற்படும், ஆஸ்மா உள்ளவர்களுக்கு இழுப்புக் கூடும். வீட்டில் அப்படி யாரும் இருந்தால் பிடுங்கும் வேலையை வேறொருவர் செய்யட்டும்.

உங்கள் காணிக்குள் எப்படி நுழையும்

வளர்ந்த ஒரு செடி 15,000க்கும் மேற்பட்ட விதைகளைத் தரும். விதை கடுகை விடச் சிறியது, கறுப்பு, மிக இலேசானது. காற்றில் அதிக தூரம் போகாது. தண்ணீரில் மிதந்து போகும். ஈரச் சேற்றில் ஒட்டிக்கொண்டு ரயரோடும் செருப்போடும் மாட்டின் குளம்போடும் எத்தனை மைல் என்றாலும் போகும்.

ஆகவே காணிக்குள் வரும் ஒவ்வொரு பொருளையும் ஒரு சந்தேகக் கண்ணோடு பாருங்கள். முதலாவது, நீங்களே கொண்டுவரும் கன்றுப் பைகள். அவற்றை ஏற்றும் முன்பே மேல்மண்ணை ஓர் அங்குலம் அளவுக்குச் சுரண்டி அங்கேயே விட்டுவிடுங்கள். ஊரில் இறக்கிய பிறகு உடனே பாத்தியில் நடவேண்டாம். கிணற்றடியில் கண்ணுக்குத் தெரியும் இடத்தில் மூன்று கிழமை வைத்துத் தண்ணீர் ஊற்றுங்கள். பையில் கரட் இலை போல எது முளைத்தாலும் பிடுங்கிவிட்டுப் பிறகு நடுங்கள். இப்படிக் காத்திருப்பதில் இன்னொரு பயனும் உண்டு. பெரிய ஆபிரிக்க நத்தையும் மண்ணுக்குள்தான் முட்டையிடும். மஞ்சளும் வெள்ளையும் கலந்த சிறிய முத்துப்போல முட்டைகள் பையின் அடியில் தெரிந்தால் நசுக்கிவிடுங்கள்.

அடுத்தது மண்வெட்டி, கத்தி, அலவாங்கு, தறப்பாள். புறப்படும் முன்பே ஒட்டியிருக்கும் மண்ணைத் தட்டிக் கழுவுங்கள். கூடாரத்துக்குக் கீழே விரித்திருந்த தறப்பாளின் மடிப்புகளில் எவ்வளவு மண் சேர்ந்திருக்கும் என்பது உதறிப் பார்த்தால் தெரியும். ஆடு மாடு கொண்டுவருபவர்கள் முதல் சில நாட்களுக்கு ஒரே இடத்தில் கட்டி, அந்தச் சாணத்தைத் தனியாகக் குவித்து வையுங்கள். தோட்டத்துக்கு நேரே போடாதீர்கள். வைக்கோலும் எருவும் வெளியிடத்தில் வாங்குவதென்றால் எந்த ஊர், எந்தப் பட்டி என்று கேட்டு வாங்குங்கள்.

மூன்றாவதாகச் சொல்லப்போவது எங்களைப் போன்ற நிறுவனங்களைப் பற்றியது. வீட்டுக்கும் மலசலகூடத்துக்கும் மணலும் கிரவலும் இறக்குவது நாங்கள்தான். ஒரு கிராமத்தில் எங்கள் திட்டத்தின் மலசலகூடங்கள் கட்டி முடிந்த அடுத்த மாரியில் போய்ப் பார்த்தோம். மணல் கொட்டிய இடங்களில் மட்டும் வட்டமாகப் பார்த்தீனியம் நின்றது. அதற்கு முன் அந்த ஊரில் அதை யாரும் கண்டதில்லை. மணல் எந்த இடத்திலிருந்து ஏற்றப்பட்டது, அங்கே என்ன முளைத்திருந்தது என்று நாங்கள் ஒருவரும் கேட்டிருக்கவில்லை. வெட்கமாக இருந்தது. ஊரவர்களோடு நின்று பிடுங்கினோம், ஆனாலும் அடுத்த மழைக்குத் திரும்ப வந்தது. ஆகவே மணல், கிரவல் லொறி வந்தால், அது எந்த நிறுவனத்தின் லொறியானாலும், வளவின் நடுவில் கொட்ட விடாதீர்கள். வாசலுக்குப் பக்கத்தில், தோட்டம் செய்யாத ஒரு மூலையைக் காட்டுங்கள். இலவசமாகத் தருகிறார்கள், எப்படிக் கேட்பது என்று தயங்க வேண்டாம். எங்கிருந்து ஏற்றியது என்று கேட்கும் உரிமை உங்களுக்கு உண்டு. உழவு இயந்திரம் வாடகைக்கு வந்தாலும் அப்படித்தான். கலப்பையில் பிடித்திருக்கும் மண்ணை வீதியோரத்தில் அல்லாமல், உங்கள் கண் படும் ஓரிடத்தில் தட்டச் சொல்லுங்கள்.

கை வைக்கும் முன்

இந்தப் பகுதியைத் தயவுசெய்து தாண்டிப் போகவேண்டாம். களை பிடுங்குவதும் மண் கொத்துவதும் கண்ணிவெடி அகற்றப்பட்டு உங்களிடம் கையளிக்கப்பட்ட காணியில் மட்டுமே. மண்டையோட்டுப் படம் போட்ட சிவப்புப் பலகையோ மஞ்சள் நாடாவோ உள்ள பக்கம் எவ்வளவு பார்த்தீனியம் பூத்து நின்றாலும் அப்படியே நிற்கட்டும். பக்கத்துக் காணி இன்னும் கையளிக்கப்படவில்லை என்றால் வேலியைத் தாண்டிக் கை நீட்டவும் வேண்டாம். துப்புரவு செய்த காணியிலும் சந்தேகமான ஒரு பொருளைக் கண்டால் தொடாமல், வந்த காலடி வழியே திரும்பி, கிராம அலுவலரிடமோ கண்ணிவெடி அகற்றும் அணியிடமோ பொலிசாரிடமோ சொல்லுங்கள்.

பற்றைக்கு மொத்தமாகத் தீ மூட்டிவிடலாம் என்று நினைப்பவர்கள் உண்டு. மண்ணில் மேலோட்டமாகக் கிடக்கும் வெடிபொருள் சூடேறி வெடிக்கக்கூடும். அதனால் எந்த நிலையிலும் பற்றையைக் கொளுத்த வேண்டாம்.

பிடுங்குவதற்கு ஒரு கணக்கு

மழை பட்டதும் விதை முளைக்கத் தொடங்கும். முளைத்து நான்கு முதல் ஆறு கிழமைக்குள் முதல் பூ வந்துவிடும். பூ வந்தால் அடுத்து விதைதான். ஆகவே உங்களுக்குக் கிடைப்பது ஏறக்குறைய ஒரு மாதம். ஒக்ரோபர் மழை பிடித்து மூன்றாவது கிழமையில் வளவை ஒருமுறை சுற்றி வாருங்கள். மண் ஈரமாக இருப்பதால் வேரோடு இலகுவாக வரும். பிறகு மூன்று கிழமைக்கு ஒருமுறை, மழை ஓயும்வரை. கிணற்றடி, குளிக்கும் தண்ணீர் ஓடும் வாய்க்கால் போன்ற ஈரமான இடங்களில் கோடையிலும் முளைக்கும். ஒரு வளவுக்கு அரை மணித்தியாலத்துக்கு மேல் எடுக்காத வேலை இது. ஒருமுறை விதைக்க விட்டால் அதே வளவில் பல வருடம் பிடுங்க வேண்டும். மேலே கிடக்கும் விதை சீக்கிரம் செத்துப்போகும். ஆனால் ஆழத்தில் புதைந்த விதை பல வருடம் உயிரோடு கிடந்து, என்றோ ஒருநாள் கொத்தும்போது மேலே வந்து முளைக்கும். பூத்துக் காய்த்த பார்த்தீனியத்தை அப்படியே உழுது மண்ணுக்குள் தாழ்ப்பவர்கள் விதையைப் பத்திரமாகச் சேமித்து வைக்கிறார்கள்.

கத்தியால் வெட்டிவிடுவதும் பயனில்லை. அடிக்கட்டையிலிருந்து திரும்பத் தளிர்த்து முன்னதை விடப் பதிவாகப் பூக்கும். வேரின் மேல்பகுதியோடு சேர்த்துப் பிடுங்க வேண்டும்.

கையுறை போட்டுக்கொள்ளுங்கள். கையுறை இல்லாவிட்டால் இரண்டு சொப்பிங் பைகளைக் கையில் மாட்டி மணிக்கட்டில் கட்டலாம். நீளக்கைச் சட்டை, மூக்குக்கும் வாய்க்கும் ஒரு துணி. பிள்ளைகளை இந்த வேலையில் விடவேண்டாம். முடிந்ததும் உடுப்பைத் தனியாகத் தோய்த்துக் குளியுங்கள்.

பூக்காத செடி என்றால் சீமெந்துத் தரையிலோ தறப்பாளிலோ காயவிட்டுக் கூட்டெருக் குழியில் போடலாம். நன்றாக உக்கிய பிறகே தோட்டத்துக்குப் போடுங்கள். பூத்த செடியை ஒருபோதும் கூட்டெருவில் சேர்க்காதீர்கள். முதலில் பூங்கொத்தை மட்டும் ஆட்டாமல் மெல்ல ஒடித்து ஓர் உரப்பைக்குள் போடுங்கள். பிறகு செடியைப் பிடுங்கி அதே பைக்குள் திணித்து வாயைக் கட்டி, செடி முழுவதும் காய்ந்து மண்ணிறமாகும்வரை வெயிலில் போட்டு வையுங்கள். காய்ந்ததை ஒரு பழைய தகரப் பீப்பாவுக்குள் போட்டு எரிக்கலாம். வெறும் நிலத்தில் எரிக்க வேண்டாம், காரணம் மேலே சொன்னதுதான். புகை வீட்டுப் பக்கம் வராத நேரம் பார்த்து, காற்று வரும் பக்கமாக நின்று எரியுங்கள்.

வெறும் மண்ணை விட்டு வைக்காதீர்கள்

பார்த்தீனியத்துக்கு வெயில் படும் வெறும் மண் வேண்டும். நிழலிலும் நெருக்கமான பயிருக்குள்ளும் அதனால் தலை எடுக்க முடியாது. வீட்டு வேலை முடியவில்லை, இந்த வருடம் தோட்டம் செய்ய வசதியில்லை என்றால்கூடத் துப்புரவாக்கிய நிலத்தைச் சும்மா விடாதீர்கள். பூசணி, வற்றாளை இரண்டும் படர்ந்து நிலத்தை மூடும், சாப்பாட்டுக்கும் ஆகும். கௌபியை நெருக்கமாக விதைக்கலாம். எதுவுமே இல்லையென்றால் பூவரசங் குழையையும் கிளிசறிடியாக் குழையையும் வெட்டி, பழைய பனையோலை தென்னோலையோடு சேர்த்து நான்கு விரல் தடிப்புக்குப் பரப்பி விடுங்கள். குழை தாழ்ப்பது நம் தோட்டங்களுக்குப் புதிதில்லை. இங்கே தாழ்க்காமல் மேலே பரப்புகிறோம், அவ்வளவுதான். அது உக்கி மண்ணுக்கு எருவுமாகும்.

வேலியோரத்துக்கும் வீதியோரத்துக்கும் ஒரு நல்ல காவலாளி தகரை. நம்மவர்கள் வறை வறுக்கும் அதே தகரைதான். மழையோடு அடர்த்தியாக முளைத்துப் பார்த்தீனியத்தை நெருக்கிவிடும். இந்தியாவில் இதற்காகவே தகரை விதையை வீதியோரங்களில் தூவுகிறார்கள். துப்புரவு செய்யும்போது தகரையையும் களை என்று வழித்தெறிந்து விடாதீர்கள்.

உப்புக் கரைசல் தெளித்தால் பார்த்தீனியம் கருகும் என்று யாராவது சொல்லியிருப்பார்கள். கருகும், உண்மைதான். ஆனால் ஒரு லீற்றர் தண்ணீருக்கு 200 கிராம் உப்பு என்ற அளவில் தெளித்தால் அந்த மண்ணில் நீங்கள் நடும் கத்தரியும் கருகும், கிணற்றடியில் தெளித்தால் உப்பு கிணற்றுக்குள் இறங்கும். வீட்டு வளவில் வேண்டாம். களைநாசினி பற்றியும் எனக்கு அதே கருத்துத்தான். சில பேர்ச்ச நிலத்தில் கை போதும். பெரிய வயல் காணி முழுக்கப் பரவியிருந்தால் கமநல சேவை நிலையத்தில் விவசாயப் போதனாசிரியரைக் கண்டு கேட்டபிறகு முடிவு செய்யுங்கள்.

உங்கள் ஊரில் முதல் செடியைக் கண்டால் பிடுங்கிப் பைக்குள் கட்டிவிட்டு, அதே பையோடு போதனாசிரியரிடமோ கிராம அபிவிருத்திச் சங்கத்திடமோ சொல்லுங்கள். எந்த இடத்தில் கண்டீர்கள் என்பதுதான் அவர்களுக்கு முக்கியம். பாடசாலைக் காணி, கோயில் வீதி, பொதுக்கிணற்றடி, பஸ் தரிப்பிடம் ஆகியவற்றுக்கு உரிமையாளர் இல்லாததால் அங்கேதான் முதலில் பூக்கும். மாரி தொடங்கி மூன்றாவது கிழமையில் ஒரு சிரமதானத்துக்கு நாள் குறித்தால் கையுறைகளையும் உரப்பைகளையும் எங்கள் களப் பணியாளரிடம் கேட்டு வாங்கிக்கொள்ளலாம். மணல் கொட்டிய மூலையையும் அன்றைக்கே ஒருமுறை பாருங்கள்.